இசக்கியிடம் கொடுத்த வழக்கு

என் அத்தை தன் புருஷன்மேல் இரண்டு இடங்களில் வழக்குக் கொடுத்திருந்தாள். ஒன்று நாகர்கோவில் மகளிர் காவல் நிலையத்தில். மற்றொன்று பூதப்பாண்டிக்கு அப்பால் குளத்தங்கரையில் இருக்கும் இசக்கியம்மனிடம். போலீஸிடம் முதுகுக் காயத்தைக் காட்டினாள். இசக்கியிடம் ஈரச்சேலையோடு போய், தலையை விரித்துப்போட்டு, மண்ணை வாரித் தூற்றினாள். எங்கள் பக்கத்தில் இரண்டாவதற்குத்தான் மதிப்பு அதிகம். அங்கே வாய்தா கிடையாது.

தங்கை வாழாவெட்டியாக வந்து உட்கார்ந்தால் ஊர் நாலு பேசுமே என்பது அப்பாவின் கவலை. மாமா வீட்டாரோடு பேசி, அத்தை திரும்பிப் போய் வாழ்வது என்று ராசியாக்கினார். வழக்கை முடிக்க எல்லோரும் வேன் பிடித்து மதுரைக்கு, ஹைகோர்ட்டுக்குப் போனார்கள். "யாரும் கட்டாயப்படுத்தினாங்களாம்மா?" என்று நீதிபதி கேட்டாராம். அப்பா பின்னாலேயே நின்றிருக்கிறார். அத்தை இல்லையென்று தலையாட்டியிருக்கிறாள். கிரிமினல் வழக்கு ரத்தானது. திரும்பும் வழியில் அப்பா எனக்கு அல்வா வாங்கி வந்தார்.

ஆனால் மாமாவின் அம்மா நிம்மதியாகவில்லை. அத்தை மண் தூற்றிய நாளிலிருந்து அவளுக்கு இடது கை தூக்க முடியவில்லை. கிணற்றடியில் மஞ்சள் பூசிய ஒருத்தி முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறாள் என்றும் சொன்னாள். "கோர்ட்டு விட்டாப் போருமா? அவ விடாண்டாமா?" என்று வக்கீலிடமே போய்க் கேட்டாள்.

அதனால் ஒரு வெள்ளிக்கிழமை உச்சிவேளையில் இரண்டு குடும்பமும் பூக்கட்டிப் பார்க்கப் போனோம். ஒரு பொட்டலத்தில் வெள்ளை அரளி, மற்றதில் சிவப்பு. எடுப்பதில் வெள்ளை வந்தால் அம்மன் வழக்கை விட்டுவிட்டாள். சிவப்பு வந்தால் விடவில்லை. எடுப்பதற்கு வயதுக்கு வராத பெண்பிள்ளை வேண்டும். நான்காம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த என் பெருமைக்குக் கேட்க வேண்டுமா!

காற்று கொஞ்சமும் இல்லை. ஆலமரத்தில் பிள்ளைவரம் கேட்டுக் கட்டியிருந்த மரத்தொட்டில்களில் ஒன்று மட்டும் ஆடிக்கொண்டிருந்தது. இடுப்பில் ஒரு பிள்ளையும் வாயில் ஒரு பிள்ளையுமாக இசக்கி என்னையே பார்த்தாள். பூசாரி வாழையிலைப் பொட்டலங்கள் இரண்டை அவள் காலடியில் உருட்டிவிட்டார். ஒன்றை எடுத்தேன். சிவப்பு.

மறுபடியும் கட்டிப் போட்டார். நான் வலது பக்கத்துப் பொட்டலத்துக்குத்தான் கையை நீட்டினேன். யாரோ மணிக்கட்டைப் பிடித்து நகர்த்தியதுபோல் அது இடது பக்கம் போனது. அதுவும் சிவப்பு. மாமாவின் அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

அப்போதுதான் அத்தை வாய் திறந்தாள். "அண்ணே, அம்மைக்கு மனசில்ல. நான் போவல்லண்ணே. இவரு என்னைக் கொன்னுபோடுவாரு." மாமா மரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சும்மா கெடட்டி. பூசாரி கெட்டினது சரியில்ல, நான் கெட்டுதேன்" என்றார் அப்பா. அவருக்குக் கோட்டாறில் பலசரக்குக் கடை. பொட்டலம் கட்டுவதில் அவரை அடித்துக்கொள்ள ஆளில்லை. பூசாரியின் தட்டிலிருந்து இலையையும் பூக்களையும் எடுத்துக்கொண்டு ஆலமரத்துக்குப் பின்னால் போய்க் கட்டிக்கொண்டு வந்தார். நான் எடுத்தேன். வெள்ளை.

குலவைச் சத்தம் எழுந்தது. மாமாவின் அம்மா எழுந்து இரண்டு கைகளையும் தலைக்குமேல் தூக்கிக் கும்பிட்டாள். அந்தச் சந்தடியிலேயே அத்தையை மாமா வீட்டுக் காரில் ஏற்றிவிட்டார்கள்.

அம்மன் காலடியில் கிடந்த மற்றப் பொட்டலத்தை யாரும் கவனிக்கவில்லை. எடுத்துப் பிரித்தேன். அதற்குள்ளும் வெள்ளை அரளிதான். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. ஓடிப்போய்க் கார் ஜன்னலுக்குள் நீட்டினேன்.

"அத்தே, இதுலயும் வெள்ளைதான்! அம்மை ரெண்டு மடங்கு சம்மதிச்சிட்டா!"

அத்தை பூவைப் பார்த்தாள். பிறகு பூசாரியிடம் சிரித்துப் பேசிக்கொண்டிருந்த அப்பாவைப் பார்த்தாள். அழவில்லை. "நல்லது மக்கா" என்றாள். அந்தக் குரல் அத்தையுடையதுபோல இல்லை. கார் புறப்பட்டுவிட்டது.

இவ்வளவு நல்ல சேதி கொண்டுவந்த பிள்ளைக்கு ஒரு முத்தம்கூடத் தராமல் போய்விட்டாளே என்று, வீடு வந்து சேரும்வரை எனக்கு அத்தைமேல் கோபமாக இருந்தது.