கீழேயிருந்து மணியடித்த தெய்வானை

முதலில் ஒரு திருத்தம். எங்கள் வார்டின் முன்னாள் கவுன்சிலர் தெய்வானைக்கு நடந்த இரங்கல் கூட்டத்தில் மூன்று பேர் ஒரே மாதிரி பேசினார்கள்: "ஸ்டெனோம்மா எழுதிக் கொடுத்தார், தெய்வானை கையெழுத்துப் போட்டார்." ஆண்டர்சன்பேட்டைக் கடைவீதியில் ஒட்டியிருக்கும் சுவரொட்டியும் ஏறத்தாழ அதைத்தான் சொல்கிறது. அந்த ஸ்டெனோ நான்தான். அவர்கள் சொல்வது தவறு. தெய்வானைக்குத் தமிழும் கன்னடமும் நன்றாக எழுதப் படிக்கத் தெரியும். தெலுங்கில் சண்டை போடத் தெரியும். ஆங்கிலம் தெரியாது, அவ்வளவே. நான் தட்டச்சு செய்தேன். எதைக் கேட்பது, யாரிடம் கேட்பது என்று முடிவு செய்தவர் அவர். ஒரே ஒரு முறை அந்த முடிவை நான் எடுத்தேன். அது என்ன ஆயிற்று என்பதையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

செய்தி ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் வந்தது. மாரிகுப்பத்தில் சுரங்கத் தொழிலாளர் வரிசை வீடுகளான லைனில் குடியிருக்கும் மேரி என் கேட்டுக்கு வெளியே நின்றாள். கையில் ஒரு சாவிக்கொத்து.

"தெய்வானக்கா போய்ட்டாங்க ஸ்டெனோம்மா. இந்த வாரம் சாவி அவுங்க முறை. அடுத்தது என் முறைதான், ஆனா இத்த யாரு கையால வாங்குறதுன்னு தெரியல."

நான் பிறர் முன்னால் அழுகிறவள் அல்ல. கேட்டின் கொண்டியைத் திறந்து சாவிக்கொத்தை வாங்கிக்கொள்ள எனக்கு வெகுநேரம் பிடித்தது.

அந்தச் சாவிகள் எப்படி வந்தன என்பது லைனுக்கு வெளியே பலருக்குத் தெரியாது. தங்கச் சுரங்கக் கம்பெனி நடந்த காலத்தில் நான் அதன் அலுவலகத்தில் ஸ்டெனோ. என் கணவர் வைண்டிங் இன்ஜின் டிரைவர். ஆட்களைச் சுரங்கத்துக்குள் இறக்கி ஏற்றும் கேஜை மேலே உட்கார்ந்து இயக்குகிறவர். கம்பெனி மூடி, அவரும் காலமான பிறகு நான் தனியே இருந்தபோது, நகரசபைத் தேர்தலில் எங்கள் வார்டு பெண்களுக்கென ஒதுக்கப்பட்டது. தெய்வானை நின்று வென்றார். வென்ற வாரமே என் வீட்டு வராந்தாவுக்கு வந்தார். நான் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். இன்னொரு நாற்காலி காலியாக இருந்தது. உட்காரச் சொல்லவில்லை. அவருடைய தாயார் கம்பெனியில் கழிப்பறை சுத்தம் செய்தவர். நான் சொல்லாததன் காரணம் எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும்.

அவர் நின்றபடியே விஷயத்தைச் சொன்னார். லைன் முழுவதற்கும் கம்பெனி காலத்துக் கழிப்பறை ஒன்றுதான். கதவுகள் எல்லாம் போய்விட்டன. பெண்கள் விடிவதற்கு முன்பே எழுந்து தங்கம் பிரித்த கழிவைக் கொட்டிய சயனைடு மண்மேட்டுக்குப் பின்னால் போகிறார்கள். நகரசபையைக் கேட்டால், நிலம் மத்திய அரசுடையது, நாங்கள் தோண்ட முடியாது என்கிறது. மிச்சமிருக்கும் கம்பெனி ஆபீசைக் கேட்டால், கழிப்பறை நகரசபையின் வேலை என்கிறது.

"அப்படியானால் டில்லிக்கு எழுத வேண்டும். நிலம் அவர்களுடையது" என்றேன்.

"டில்லிக்கு இன்னாத்துக்கு ஸ்டெனோம்மா? மாரிகுப்பம் எங்க கீதுன்னே அவுங்களுக்குத் தெரியாது. கோலாரு ஜில்லா ஆபீசுக்கு எய்துங்க. அங்க போய் நான் உக்காந்துக்கிறேன்."

நான் கேட்கவில்லை. எத்தனை உயரத்துக்கு எழுதுகிறோமோ அத்தனை சீக்கிரம் வேலை நடக்கும் என்பது எங்கள் கம்பெனி ஊரில் வளர்ந்தவர்களின் நம்பிக்கை. எல்லா உத்தரவும் தூரத்திலிருந்து வந்தே பழகியவர்கள் நாங்கள். கான்வென்டில் கற்ற ஆங்கிலத்தில் இரண்டு பக்கம் அடித்தேன். படித்துத் தமிழில் சொல்லச் சொன்னார். சொன்னேன்.

"கக்கூஸுன்னு ஒரு எடத்துலயும் வரலியே?"

"அப்படியெல்லாம் எழுத மாட்டார்கள். சுகாதார வசதிகள் என்று எழுதியிருக்கிறேன்."

"சரி. கதவு இல்லன்னாவது எய்துனீங்களா?"

எழுதவில்லை. இரண்டு பக்கத்தில் எங்கும் கதவு இல்லை. அதைத் திருத்தவும் எனக்கு மனம் வரவில்லை. பதிவுத் தபாலில் அனுப்பினோம்.

ஒரு வருடத்துக்கும் மேல் ஆயிற்று. ஒரு மத்தியானம் தெய்வானை ஒரு பழுப்பு உறையை ஆட்டிக்கொண்டே கேட்டைத் திறந்தார்.

"இன்னா ஸ்டெனோம்மா, உங்க லெட்டரு ஊரெல்லாம் சுத்திட்டு என் வூட்டுக்கே வந்திடுச்சு!"

பிரித்துப் பார்த்தேன். என் கடிதம்தான். மேலே நான்கு முகப்புக் கடிதங்கள். டில்லி பெங்களூருக்கும், பெங்களூர் கோலாருக்கும், கோலார் நகரசபைக்கும், நகரசபை வார்டு கவுன்சிலர் தெய்வானைக்கும் அனுப்பியிருந்தன. நான்கிலும் ஒரே வாசகம்: தக்க நடவடிக்கைக்காக அனுப்பப்படுகிறது.

அந்த வாசகத்தை என் கையால் எத்தனை ஆயிரம் முறை அடித்திருப்பேன். என் மேசையை விட்டுப் போனால் போதும் என்பதுதான் அதற்குப் பொருள். அதை அவரிடம் ஒளிக்காமல் சொன்னேன்.

"நீங்க அப்டிப் படிக்கிறீங்க. நான் எய்தியிருக்கிறபடி படிக்கிறேன். நடவடிக்கை எடுன்னு டில்லி சொல்லுது, பெங்களூரு சொல்லுது, கோலாரு சொல்லுது. இதுக்கு மேல யாரு உத்தரவு குடுக்கணும்? கேஜ் மாதிரி ஒவ்வொரு லெவல்லயும் நின்னு நின்னு அதிகாரம் கீழ வந்து சேந்துடுச்சு ஸ்டெனோம்மா. வேலை நடக்கிறது கீழ் லெவல்லதானே?"

"உட்காருங்கள் தெய்வானை" என்றேன்.

நாற்காலியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இதுக்கும் டில்லியில இருந்து உத்தரவு வரணுமா?" என்று கேட்டுவிட்டு உட்கார்ந்தார்.

அடுத்த வாரம் இருவரும் கோலாருக்குப் போனோம். கடிதங்களை அந்தப் பழுப்பு உறையோடு, நான் கொடுத்த ஃபைலில் வைக்காமல் வழக்கம்போலப் பால் பாக்கெட் கவரில் சுருட்டி வந்திருந்தார். கடைசிவரை அந்தப் பழக்கத்தை என்னால் மாற்ற முடியவில்லை. அதிகாரி கடிதங்களைப் பார்க்காமலே "நோடோணம்மா" என்றார். பார்ப்போம் என்று கன்னடத்தில் சொல்லி அனுப்பிவிடும் வார்த்தை அது. தெய்வானை எழுந்திருக்கவில்லை. அவர் கன்னடத்தில் பேசியதைத் தமிழில் தருகிறேன்.

"சார், எங்க ஊர்ல மேல இன்ஜின் ஓட்றவருக்குக் கீழ இன்னா நடக்குதுன்னு கண்ணுக்குத் தெரியாது. கீழ இருக்கிற ஆளு மணி அடிச்சாதான் கேஜ நகத்துவாரு. அவரா நகத்துனா உயிரு போயிடும். நாங்க மணி அடிச்சிக்கினே கீறோம். நீங்க முடியாதுன்னா, முடியாதுன்னு எய்திக் குடுங்க. போறோம்."

முடியாது என்று எந்த அலுவலகத்திலும் எழுதித் தர மாட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். அவருக்கும் எப்படியோ தெரிந்திருந்தது. அதிகாரி கடிதத்தை வாங்கி அதிலிருந்த தம் அலுவலக முத்திரையைப் பார்த்தார். பிறகு நகரசபைக்குத் தொலைபேசி செய்தார்.

திரும்பும் பேருந்தில், மணி விஷயம் உங்களுக்கு எப்படித் தெரியும் என்று கேட்டேன்.

"எங்கப்பாவுக்கு சொரங்கத்துல கீழ மணி அடிக்கிற வேலைதானே. அவுரு அடிப்பாரு, உங்க வூட்டுக்காரரு கேப்பாரு. ஒருத்தர ஒருத்தர் சரியாப் பாத்ததுகூடக் கெடையாதாம். ஆனா ஒரு மணிகூட உங்க வூட்டுக்காரரு தப்பாக் கேட்டதில்லன்னு அப்பா சொல்வாரு."

என் கணவர் தம் வேலைக்காலம் முழுதும் யாருடைய மணிக்குக் கட்டுப்பட்டிருந்தாரோ, அவருடைய மகளைத்தான் நான் வராந்தாவில் நிற்க வைத்திருந்தேன்.

ஆறு கழிப்பறைகள் கட்டினார்கள். பொறியாளர் கொண்டுவந்த வரைபடத்தில் கதவுகள் சாலையைப் பார்த்திருந்தன. தெய்வானை லைன் பெண்களைக் குழாயடியில் கூட்டினார். எல்லோரும் ஒரே குரலாகக் கதவுகளை மண்மேட்டுப் பக்கம் திருப்பச் சொன்னார்கள். திருப்பினார்கள். சாவிகள் வாரத்துக்கு ஒரு வீட்டில் இருக்கும், சுத்தமும் அந்த வீட்டின் பொறுப்பு. சாவி கைமாறும்போது குழாயடியில் நாலு பேராவது பார்க்க வேண்டும். அவர் வைத்த வழக்கம் இது. கவுன்சிலராக இருந்தபோதும் தம் முறையை அவர் தவறவிட்டதில்லை. "எங்கம்மா யாரோ சொல்லிச் செஞ்சாங்க. நான் என் முறைக்குச் செய்றேன்" என்பார்.

பிறகு நகரசபையின் பதவிக்காலம் முடிந்தது. தேர்தல் நடக்கவில்லை. இப்போது நிர்வாக அதிகாரி ஒருவர்தான் எல்லாம். சாவியும் பராமரிப்பும் லைன் பெண்களிடமே இருக்க வேண்டும், அதை எழுத்தில் தர வேண்டும் என்று தெய்வானை கடைசியாக ஒரு மனு கொடுத்தார். அவர் சொன்னபடியே தமிழில் அடித்தேன், நான்கு வரி. நேரில் கேட்டபோதெல்லாம் "ஆகட்டும்மா" என்றார்கள். எழுத்தில் எதுவும் வரவில்லை. சர்க்கரையால் கால் வீங்கி நடக்க முடியாமல் போன பிறகும், நான் பார்க்கப் போனால் என்னை விசாரிப்பதற்கு முன் "பதில் வந்துச்சா?" என்றுதான் கேட்பார். இல்லை என்று நான் சொல்லச் சொல்ல, கேட்கும் குரல் மெலிந்துகொண்டே போயிற்று. கடைசி முறை உதடு மட்டும் அசைந்தது.

அவர் இறந்த ஐந்தாம் நாள் நகரசபையிலிருந்து ஒருவர் லைனுக்கு வந்தார். பராமரிப்பைக் குத்தகைதாரரிடம் விட மேலிடத்து உத்தரவாம், சாவிகள் ஆபீசில் இருக்குமாம், காலை எட்டு மணிக்குத்தான் திறப்பார்களாம். எட்டு மணிக்கு எங்கள் பெண்களில் பாதிப்பேர் வேலைக்குப் போகும் பெங்களூர் ரயிலில் இருப்பார்கள். மேரி அவரிடம், "எய்திக் குடுங்க" என்றாள். ஆட்களோடு வருகிறேன் என்று சொல்லிப் போயிருக்கிறார்.

தெய்வானையை அறிந்தவர்களே, அவரிடமிருந்து என்னிடம் தங்கியிருப்பது அந்தப் பழுப்பு உறை. அதில் இன்னும் பால் வாசனை இருக்கிறது. வராந்தாவில் இரண்டாவது நாற்காலியையும் எடுக்கவில்லை. கதவு இல்லையென்றால் கதவு இல்லை என்றே எழுதுவதும் அவரிடமிருந்து வந்ததுதான். சாவிக்கொத்து என்னிடம் இல்லை. குழாயடியில் எல்லோரும் பார்க்க, அடுத்த முறைக்காரியான மேரியிடம் கொடுத்துவிட்டேன்.

அவருடைய பதினாறாம் நாளுக்காக அச்சாகும் இதன் ஒரு பிரதியை நிர்வாக அதிகாரிக்குப் பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். ஐயா, ஆறு கழிப்பறைகளின் சாவி யாரிடம் இருக்க வேண்டும் என்று முடிவு செய்யும் அதிகாரம் லைன் பெண்களுக்கு உண்டா, இல்லையா? தமிழிலோ கன்னடத்திலோ எழுதுங்கள், குழாயடியில் உரக்கப் படிக்க வேண்டும். தெய்வானையின் வீட்டு முகவரிக்கே எழுத்து மூலம் பதில் அனுப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.