ம் கொட்டிய குற்றம்

கவிதை வாசிக்க மேடையேறினால் எனக்கு இன்றைக்கும் காதெல்லாம் கூட்டத்தின் மேல்தான். கூட்டம் சலசலத்தால் சமாளித்துவிடுவேன். எல்லாரும் கப்சிப்பென்று இருந்தால்தான் பயம். ஒருத்தரும் கேட்கவில்லையோ என்று தோன்றிவிடும். மூன்றாம் வகுப்பில் நடந்த கூத்துதான் இதற்கெல்லாம் காரணம்.

அப்பாவுக்குச் சொந்த ஊர் உசிலம்பட்டிப் பக்கம். அவனியாபுரத்தில் லேத் பட்டறை வைத்திருந்தார். சாயங்காலம் வந்து கைக் கிரீஸைக் கழுவிவிட்டு உட்கார்ந்தால் கதைதான். பாதி பேச்சு, பாதி பாட்டு, எல்லாம் அவராகக் கட்டுவது. கேட்கிறவர் வரிக்கு வரி 'ம்' கொட்ட வேண்டும். கொட்டாவிட்டால் கதை அங்கேயே நின்றுபோகும். எங்கள் வீட்டுச் சட்டம் அது.

ஆளைப் பிடித்துக் காலைப் பிடித்து எனக்கு இங்கிலீஷ் மீடியத்தில் சீட் வாங்கியிருந்தார்கள். அங்கே ஒருநாள் மிஸ், பனியில் வழி தவறிய கரடிக்குட்டியின் கதை சொன்னார். எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆனாலும் கதை நின்றுவிடக் கூடாதே என்று விடாமல் 'ம்' கொட்டினேன். வகுப்பே சிரித்தது. மிஸ் முறைத்தார். வாயைப் பொத்திக்கொண்டேன், அடுத்த வரிக்கு அது தானாக வந்துவிட்டது. கிண்டலா பண்ணுகிறாய், நாளைக்கு அப்பாவோடு வந்தால்தான் வகுப்பு என்று சொல்லிவிட்டார்.

அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. அப்பாவுக்கும் கதை ஓடவில்லை. சீட்டைக் கிழித்து அனுப்பிவிடுவார்கள், பெரியப்பா பிள்ளைகள் கைகொட்டிச் சிரிப்பார்கள், என்னால் அப்பா மானம் போகப்போகிறது என்று படுத்தபடி நடுங்கிக்கொண்டிருந்தேன்.

கல்யாண வீடுகளுக்குப் போடும் சட்டையில் அப்பா பள்ளிக்கூடம் வந்தார். மிஸ் இங்கிலீஷில் படபடவென்று குறைகளை அடுக்க, அப்பா ஒவ்வொன்றுக்கும் பணிவாக 'ம்' கொட்டினார். பூமி பிளந்து என்னை விழுங்கினால் தேவலை என்றிருந்தது. மிஸ் பேச்சை நிறுத்திவிட்டு அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு தமிழுக்கு வந்தார்.

"எங்க அம்மாச்சி வீட்லயும் இப்படித்தாங்க. ஆனா இங்க சரிப்படாது. கதை கேக்கும்போது விரலை வாயில வச்சு உக்காரணும்."

"தப்பா நினைச்சுக்கிறாதீங்க மிஸ். இன்னைக்கே திருத்திர்றேன். சீட்டு மட்டும்..." அப்பா கையெடுத்துக் கும்பிட்டார்.

அதெல்லாம் ஒன்றும் செய்ய மாட்டோம் என்றார் மிஸ். எனக்கு அப்போதுதான் உயிர் வந்தது.

சாயங்காலம் அப்பா வழக்கம்போல உட்கார்ந்தார். கயிறறுத்துக்கொண்டு வைகையில் இறங்கிய காளையின் கதை. முதல் வரியைப் பாடி நிறுத்தினார். நான் விரலை வாயில் வைத்துச் சிலை மாதிரி இருந்தேன். அதே வரியைத் திரும்பவும் பாடினார். நான் மூச்சுகூடச் சத்தமாக விடவில்லை. காளை நடு ஆற்றில் நிற்கும்போது அப்பா கதையை நிறுத்திவிட்டு என் வாயையே பார்த்தார்.

"பாத்தியா, ஒரே நாள்ல எம்புட்டுத் தேறிட்டா" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு எழுந்துகொண்டார். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மறுநாள் கதை இல்லை. பட்டறையில் வேலை ஜாஸ்தி என்றார். அடுத்த வாரமும் வேலை ஜாஸ்தி. அந்த வருஷம் முழுக்க வேலை ஜாஸ்தி. எங்கப்பாவுக்குத் தொழில் அமோகமாக ஓடுகிறது என்று வகுப்பில் எல்லாரிடமும் இங்கிலீஷில் பீற்றிக்கொண்டு திரிந்தேன்.