ஆஜராகாத மாமா

எங்கள் வெற்றிலைக் கொடிக்காலுக்கும் பக்கத்துக் கொடிக்காலுக்கும் நடுவே ஒரு வாய்க்கால். அது யார் நிலத்தில் ஓடுகிறது என்று தெரிந்துகொள்ள, அப்பாவும் பக்கத்துக் கொடிக்கால்காரரும் சோழவந்தானிலிருந்து மதுரைக் கோர்ட்டுக்கு வருஷக்கணக்கில் போய்வந்தார்கள். அவரை நான் மாமா என்பேன். தண்ணீர் தேங்கினால் வெற்றிலைக் கொடி அழுகிவிடும். வாய்க்கால் போனால் கொடிக்காலே போச்சு என்று இரண்டு வீட்டிலும் ஒரே பேச்சு.

இருவருக்கும் ஒரே பஸ்தான். முகம் கொடுத்துப் பேசமாட்டார்கள். பேசாமலும் இருக்கமுடியாது. "கண்டக்டரண்ணே, வாய்தா பதினோரு மணிக்காம். சில பேரு தூங்கிறப் போறாக" என்பார் அப்பா. "தூங்குறவுக யாருன்னு ஊருக்கே தெரியும்னு சொல்லுங்கண்ணே" என்பார் மாமா. கண்டக்டர் யாரிடமும் எதையும் சொல்லாமல் டிக்கெட் கிழிப்பார்.

எனக்கு ஏழு வயது இருக்கும்போது, பள்ளிக்கூட லீவில் அடம்பிடித்து நானும் போனேன். அப்பா கொடுக்காப்புளி வாங்கிக் கொடுத்து, கோர்ட்டு வேப்பமரத்தடியில் உட்கார வைத்தார். மாமா அங்கேதான் துண்டை விரித்திருந்தார். "இங்கனயே இரு தாயி. பெரியவுக இருக்காக, பாத்துக்கிருவாக" என்று என்னிடம் சொல்வதுபோல் அவரிடம் சொல்லிவிட்டு, அப்பா வக்கீலைத் தேடி மாடிக்குப் போனார். மாமா மரத்தைப் பார்த்து "ம்" என்றார்.

நான் எதையும் அவசரமாகத்தான் செய்வேன். கொட்டை ஒன்று தொண்டையில் போய் அடைத்துக்கொண்டது. மாமா முதுகில் தட்டினார், கவிழ்த்துப் பிடித்தார். "துப்புத்தா, துப்பு!" விசில் மாதிரி ஒரு சத்தம்தான் வந்தது. என்னைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடினார். வாசலை நெருங்கும்போது மாடியிலிருந்து டவாலி அவர் பெயரை நீட்டி முழக்கிக் கூப்பிட்டார். மாமா நின்றார். திரும்பி மாடியைப் பார்த்தார். மறுபடியும் பெயர். என்னை இறுக்கிக்கொண்டார். மூன்றாவது முறை கூப்பிட்டபோது நாங்கள் ரோட்டில் இருந்தோம்.

பெரியாஸ்பத்திரியில் கொட்டையை எடுத்துவிட்டார்கள். மரத்தடியில் விசாரித்துக்கொண்டு அப்பா மூச்சிரைக்க வந்து சேர்ந்தார். "நர்சம்மா, பிள்ளைக்கு ராத்திரிக்குக் கஞ்சி போதும்னு சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு மாமா நடந்தார். எதிராளி ஆஜராகவில்லை என்று கேஸ் எங்கள் பக்கம் முடிந்த செய்தியோடு வந்திருந்தார் அப்பா.

"நன்றி வேற, நெலம் வேற" என்று அன்றிரவு அம்மாவிடம் சொன்னார். "கூப்பிட்டப்ப அவரு அங்கன இல்ல. அவருக்கே தெரியாம நடந்துபோச்சு. நாம என்ன செய்ய?"

எங்கள் வகுப்பில் 'உள்ளேன் ஐயா' சொல்லாவிட்டால் பிரம்படி. ஆகவே நான் மாமாவைப் பற்றிப் புகார் சொன்னேன். "இல்லப்பா, மாமா அங்கனதான் இருந்தாரு. பேரச் சொல்லிக் கூப்பிட்டாக. நின்னு பாத்தாரு. ஆனா போகவேயில்ல."

அப்பா பாதிச் சாப்பாட்டில் கை கழுவினார்.

கேஸை மறுபடி எடுக்கச் சொல்லி மாமா மனுப் போட்டார். "கைக்கு வந்ததை விடாதீரும்" என்று வக்கீல் எவ்வளவோ சொல்லியும் கேட்காமல், அப்பா ஜட்ஜ் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு, "ஆட்சேபணை இல்லீங்கய்யா. அவரு எம்பிள்ளையத் தூக்கிக்கிட்டு ஓடுனாரு" என்றாராம். பிறகு கேஸ் முறையாக நடந்தது. சர்வேயர் வந்து சங்கிலி பிடித்து அளந்தார். வாய்க்கால் மாமாவின் நிலத்தில்தான் என்று தீர்ப்பானது. மாமா அதை அடைக்கவில்லை. இன்றைக்கும் எங்கள் தண்ணீர் அதில்தான் வடிகிறது. அந்தக் கரையில் நடக்கும்போதெல்லாம் எனக்குக் கைகூப்பத் தோன்றும்.

தீர்ப்பு வந்த அன்று, வாய்க்கால் போய்விட்டதே என்று அம்மா மூலையில் உட்கார்ந்திருந்தாள். அப்பா மதுரையிலிருந்து எனக்கு ஒரு பந்து மல்லிகைப்பூ வாங்கி வந்திருந்தார். அவரே என் தலையில் கோணலாக வைத்துவிட்டு, எதிரே உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். கேஸ் தோற்றதற்கு யாராவது பூ வாங்குவார்களா என்று எனக்கு ஒரே குழப்பம்.