பக்திக் கலைஞராக்கப்பட்ட என் மாமா

பள்ளிப் பேச்சுப் போட்டிகளில் மாணவர் பேசுவது மாணவரின் பேச்சன்று என்பதை மேடையேறிய எவரும் அறிவர். ஆசிரியர் எழுதுவார், பிள்ளை மனப்பாடம் செய்யும், நடுவர் நெகிழ்ந்து பாராட்டுவார். இந்த மோசடியை இன்று கல்லூரி மேடைதோறும் வன்மையாகக் கண்டிக்கிறேன். ஆறாம் வகுப்பில் அதே மோசடியால் முதற்பரிசு வாங்கியவளும் நானே.

அன்றைய தலைப்பு ‘நான் போற்றும் கலைஞர்’. நான் என் தாய்மாமனைத் தேர்ந்தெடுத்தேன். அண்ணாமலையார் கோயில் ஊரை ஒட்டிய வேங்கிக்காலில், எங்கள் வீட்டு மாடியறையில் இருந்த அவர் கிட்டார் கலைஞர். திராஷ் மெட்டல் என்னும் அதிவேகமான, சினம் மிகுந்த இசைக்குத் தாமே பாட்டெழுதி வாசிப்பவர். பௌர்ணமிக்கு மறுநாள் கிரிவலப் பாதையில் குவியும் எச்சில் தட்டுகளை வெறுங்கையால் அள்ளும் பெண்களைப் பற்றி அவர் எழுதிய பாட்டு, சென்னையிலும் பெங்களூரிலும் இளைஞர்களைத் தலையுலுக்கி ஆட வைத்தது. அடி அண்ணாமலையில் மூன்று பையன்கள் அதைக் கேட்டே கிட்டார் வாங்கினார்கள். உள்ளூரிலோ அவருக்கு மேடையே இல்லை. செங்கம் சாலைக் கஃபே ஒன்றில் ஒருமுறை வாசித்தார். பக்கத்து ஆசிரமத்துக்கு வந்தவர்களின் தியானம் கலைகிறதென்று இரண்டாம் பாட்டிலேயே ஒலிபெருக்கியின் வயரைப் பிடுங்கிவிட்டார்கள்.

இவ்வளவையும் நானே எழுதினேன். தமிழாசிரியை படித்துவிட்டுச் சிவப்புப் பேனாவை எடுத்தார்.

“என்னம்மா இது? காட்டுக்கத்தல் கத்தறவரெல்லாம் கலைஞரா? பக்திப் பாட்டு வாசிக்கிறார்னு மாத்திடு. மார்க் ஜாஸ்தி வரும்.”

“எங்க மாமா சாமி பாட்டெல்லாம் வாசிக்க மாட்டாரு மிஸ்.”

“நடுவர் உங்க வீட்டுக்கு வந்தா பாக்கப்போறாரு?”

குப்பை அள்ளிய பெண்கள் நீக்கப்பட்டனர். அவ்விடத்தில் அண்ணாமலையார் எழுந்தருளினார். மாமாவின் சினம் ‘இறைவனை உருக்கும் இன்னிசை’ ஆயிற்று. இரண்டே நாளில் நெட்டுருப் போட்டேன். ஒரு சொல் பிசகாமல் முழங்கினேன். அரங்கம் அதிர்ந்தது. என்னிடம் சொல்லாமலே வந்திருந்த மாமா, கடைசி வரிசையில் நின்று கைதட்டிக்கொண்டிருந்தார்.

கோப்பையோடு அவரிடம் ஓடினேன்.

“எப்படி மாமா பேசினேன்?”

“செமயா பேசின பாப்பா. ஆமா, யாரப் பத்திப் பேசின?”

“உங்களப் பத்திதான்!”

“அப்படியா? அந்த ஆள நானும் ஒருநாள் பாக்கணுமே” என்று சிரித்தபடி வண்டியைக் கிளப்பினார்.

எனக்கு ஆத்திரம் பொங்கியது. ஊரே ஏளனம் செய்த மனிதரை அரங்கமே கைதட்டும்படி உயர்த்தியிருக்கிறேன்; ஒரு நன்றி சொல்ல வாய் வரவில்லையே! ஒரு வாரம் அவரோடு பேச மறுத்தேன். சொந்த ஊர் மேடையில் தம் பெயர் முதன்முறையாக ஒலித்தபோது, அந்தப் பெயருக்குரியவரை நான் வெளியே தள்ளிவிட்டேன் என்பதும், அதை முழுவதும் கேட்ட பிறகுதான் அவர் எனக்காகக் கைதட்டினார் என்பதும் அந்த ஒரு வாரத்தில் எனக்குத் தோன்றவே இல்லை.