நன்றியுரையில் ஒரு பெயர்

இன்று மத்தியானம் லண்டன் எட்மண்டன் மண்டபத்தில், ஒரு ரஷ்யப் பெண் இயக்குநரின் ஆவணப்படத்தை எங்கள் சங்கம் திரையிட்டது. சொந்தக் காசில் படம் எடுப்பவர். அரசுக்குப் பயந்து நாட்டை விட்டு வந்து, இப்போது கிழக்கு லண்டனில் ஒற்றை அறையில் இருந்து எடிட் செய்கிறார்.

படம் முடிந்ததும் திரையில் அவருடைய பெயர் மட்டும்தான் வந்தது.

நன்றியுரை என்னுடையது. எங்கள் ஆட்கள், ஒரு பெயர் விடுபட்டால் ஆறு மாதம் முகம் பார்க்க மாட்டார்கள். தேநீர் குடிக்கும்போது அவர் தன் கமெராக்காரரைப் பற்றிப் பாசமாகக் கதைத்தார். அந்தப் பெயரைக் கவனமாகக் குறித்துக்கொண்டேன்.

மேடையில் அதை முழுதாக வாசித்தேன். நல்ல கைதட்டல்.

அவர் முகம் வெளிறிவிட்டது. அருகில் வந்து, "அவன் இன்னும் ரஷ்யாவில்தான் இருக்கிறான்" என்று ஆங்கிலத்தில் மெல்லச் சொன்னார்.

நிகழ்ச்சியை நேரலையாக விட்டுக்கொண்டிருந்த செல்வம் அண்ணையிடம் ஓடினேன். "அண்ணை, ஃபேஸ்புக் லைவை உடனே அழியுங்கோ!"

"அழிக்கிறன் பிள்ளை. ஆனா உம்மட பேச்சை வெட்டி எல்லா வாட்ஸ்அப் குறூப்புக்கும் அனுப்பிட்டனே. வடிவாப் பேசினீர்."

ஊரில் இருக்கும் என் தம்பிக்கு ஆபத்து வரும் என்று அவன் பெயரை நான் இங்கே எந்த மேடையிலும் சொன்னதில்லை. அது எப்படி இன்று நினைவுக்கு வரவில்லை?

வீடியோ உங்களுக்கு வந்திருந்தால் அழித்துவிட்டு, அழித்ததாகக் கீழே ஒரு வார்த்தை எழுதுங்கள்.

வடை கொண்டுவந்த ரதி அக்கா, உங்கள் பெயரை விட்டுவிட்டேன். கோபிக்காதீர்கள். மறந்திருக்க வேண்டிய பெயரைத்தான் நான் மறக்கவில்லை.