ருக்குமணி வைத்த கல்கூடை

சுங்கை பினாங்கில் ஆற்றை ஒட்டிய வீடு ருக்குமணியினுடையது. புருஷன் பக்கிரிசாமிக்கு ஞாபகம் தப்பியதிலிருந்து அந்த ஆறுதான் அவளுக்கு எமன். கண்ணசந்தால் போதும், மனுஷன் வேலைக்குக் கிளம்பிவிடுவார். ஆயுசு பூராவும் லாரியில் மூட்டை ஏற்றி இறக்கியவர். லாரி ஆற்றுக்கு அந்தப் பக்கம் நிற்பதாக அவருக்கு எண்ணம். ஒருமுறை இடுப்பளவு தண்ணீரிலிருந்து பக்கத்து வீட்டு ஷஹீராதான் இழுத்து வந்தாள்.

வேலி போட லோகேஸ்வரன் வந்தான். கரை சரிந்து கிடக்கிறது, வெறும் கம்பம் நிற்காது. கம்பிக் கூடைகளை வரிசையாக வைத்துக் கருங்கல் நிரப்பி, அதோடு வலைவேலியைச் சேர்த்துக் கட்டலாம் என்றான்.

"கூடை ஆத்துப் பக்கம், வேலி நம்ம பக்கம். அதான்க்கா சரி."

"அதெப்படிலா? நம்ம கல்லு வெளிய கிடக்கவா? நாளைக்கு எவனாச்சும் பூச்சட்டி வச்சு எடம் புடிப்பான். கூடை உள்ள இருக்கட்டும் தம்பி. வெத்தலச் சட்டி வைக்க எனக்கும் ஆகும்."

ஒரு முழம் மண்ணைக்கூட விட்டுக்கொடுக்காத நம் ஆட்களை என்ன சொல்ல! லோகேஸ்வரன் சொல்லிப் பார்த்தான். பிறகு அவள் இஷ்டப்படியே கூடைகளின் வெளி ஓரத்தில் கம்பம் நட்டு, கல்லைக் கொட்டி, வலையை மாட்டிவிட்டுப் போனான். வேலி ஆளுயரத்துக்கு மேல் நின்றது. ருக்குமணி அன்று நிம்மதியாகக் குளித்தாள்.

அடுத்த வாரம் மத்தியானம் மழை கொட்டியது. ஆறு செம்மண் நிறத்தில் பெருகி ஓடியது. குழம்பு தாளித்துக்கொண்டிருந்தவள் திரும்பிப் பார்த்தால் நாற்காலி காலி. பின்கதவு திறந்து கிடந்தது.

கல்கூடை மேல் ஏறி நின்றார் பக்கிரிசாமி. அங்கே நின்றால் வேலி அவர் நெஞ்சுக்குத்தான் வந்தது. அடி பாவி, நானே படி வைத்துக் கொடுத்துவிட்டேனே! லாரியில் தொற்றி ஏறிப் பழகிய கால். ஒன்றை அந்தப் பக்கம் போட்டாயிற்று.

ஓடிப்போய் இன்னொரு காலைக் கட்டிப் பிடித்தாள். "ஐயோ, இறங்குங்க! விழுந்துருவீங்க!"

"யாரும்மா நீ? காலை விடு, லாரி கெளம்பிரும்."

"நான்தாங்க, உங்க ருக்கு!"

அவர் உதறினார். வேலி ஆடியது. "ஷஹீரா! ஷஹீரா!" என்று கத்தினாள்; மழையில் யாருக்குக் கேட்கும்? ஈரத்தில் பிடி நழுவிக்கொண்டே போனது. அழுதும் ஆகவில்லை, கெஞ்சியும் ஆகவில்லை. தாலி கட்டியவரை எந்த முறை சொல்லிக் கூப்பிடக் கூடாதோ, கடைசியில் அதைச் சொல்லிக் கூப்பிட்டாள்.

"அண்ணே! இன்னிக்கு லீவுண்ணே. மழைன்னு லாரி வரலையாம், ஆபீஸ்ல சொல்லி அனுப்புனாங்க. இறங்குங்கண்ணே!"

பக்கிரிசாமி நிதானித்தார். காலை இந்தப் பக்கம் எடுத்து, பத்திரமாக இறங்கினார்.

"அப்படியா தங்கச்சி? நல்ல வேளை சொன்னீங்க."

அவர் கையைப் பற்றினாள். ஊரார் வீட்டுப் பெண்ணிடமிருந்து விலகுவதுபோல் அவர் மரியாதையாக விலக்கிக்கொண்டார்.

"அப்ப நான் வீட்டுக்குப் போறேன். எங்க ருக்கு சோறாக்கி வச்சுட்டுக் காத்துக்கிட்டிருப்பா."

சொல்லிவிட்டு மறுபடியும் கூடை மேல் ஏறினார்.