மன்னிப்புக் கேட்கப்போன மூக்கி

பத்திரிகை ஆபீசில் அவளைக் கட்டக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பிழை திருத்த வந்தவள் தாளின் ஓரத்தில் கிறுக்கிய படங்களைப் பார்த்துவிட்டு, பழைய ஆசிரியர் எட்டாம் பக்கத்தில் மூன்று கட்டம் ஒதுக்கிக் கொடுத்தார். பத்தொன்பது வருஷமாக அந்தக் கட்டங்களுக்குள் மூக்கி என்றொரு நீள மூக்குக்காரி ஊரையே ஒரு பிடி பிடித்துக்கொண்டிருக்கிறாள்.

போன வாரம் குழாயில் தண்ணீர் வரவில்லை என்று மூக்கி குடிநீர் ஆபீசுக்குப் போய் அழுதாள். அதிகாரி அவள் கன்னத்தைப் பார்த்து, "தண்ணிதான் வருதே, அப்புறம் என்ன புகாரு?" என்றார். அவ்வளவுதான் ஜோக். நிஜ அதிகாரி ஒருவர், அது தன் மூஞ்சிதான் என்று முதலாளிக்குப் போன் போட்டுக் குதித்தார். அவரை யார் வரைந்தது? தானாக வந்து தொப்பியை மாட்டிக்கொண்டால் கட்டக்கா என்ன செய்வாள்!

புது ஆசிரியர் அவளைக் கூப்பிட்டார். "நாளைக்கு மூக்கி அவர்கிட்ட மன்னிப்புக் கேக்கணும். இல்லேன்னா மூணு கட்டமும் போச்சுக்கா."

மூக்கி யாருக்கும் தலை குனிந்ததே இல்லை. அந்த மூக்கை வைத்துக்கொண்டு குனிந்தால் தரையில் இடிக்கும்.

பென்சிலில் வரைந்து காட்டி, ஆசிரியர் சரி என்ற பிறகே மையில் இழுப்பது ஆபீஸ் வழக்கம். பென்சிலைக் கண்டால் இவருக்குக் கை சும்மா இருக்காது. ரப்பரை எடுத்து இங்கே ஒரு வார்த்தை, அங்கே ஒரு புருவம் என்று அழித்து, நல்ல ஜோக்கையெல்லாம் சப்பென்று ஆக்கிவிடுவார். அன்று கட்டக்கா நேரே மையிலேயே போட்டாள்.

முதல் கட்டத்தில் மூக்கி கையைக் கட்டிக்கொண்டு அதிகாரியின் வாசலில் நிற்கிறாள். இரண்டாவதில் நீண்ட வரிசை. மூன்றாவதில் காலி நாற்காலி, சுற்றும் ஃபேன். பியூன் சொல்கிறான்: "ஐயா சாப்பிடப் போயிருக்காரு. மன்னிப்பை மனுவா எழுதிப் பெட்டில போட்டுட்டுப் போங்க."

வீட்டில் கணவரிடம் காட்டினாள். தையல்காரரான அவருக்கும் சிரிப்புக்கும் ஏழாம் பொருத்தம். அவரே சிரித்து, வாயில் கவ்வியிருந்த குண்டூசியைக் கீழே விட்டார்.

மறுநாள் ஆசிரியர் படத்தை வாங்கியதும் ரப்பரைத் தேடினார். பிறகுதான் கவனித்தார்.

"என்னக்கா, மையிலயே போட்டுட்டீங்க?"

"மன்னிப்புக் கேக்கச் சொன்னீங்க, கேக்கத்தான் போயிருக்கா. அவர் சீட்ல இல்லேன்னா அவ என்ன சார் பண்ணுவா?"

அவருக்குச் சிரிப்பு பீறிட்டுவிட்டது. சட்டென்று முகத்தை இறுக்கிக்கொண்டார். பக்கம் அச்சுக்குப் போக அரை மணி நேரம்தான் இருந்தது. வேறு படமும் இல்லை.

"போடறேன். ஆனா இதுதான் கடைசி. நாளைலேர்ந்து பிழை திருத்தற வேலை மட்டும் பாருங்க."

பத்தொன்பது வருஷம்! ஆனால் கட்டக்கா இவர் முன்னால் அழுவதாக இல்லை.

"கடைசியா? அப்ப அதை இப்படிக் குடுங்க."

படத்தைத் திரும்ப வாங்கி, அவர் சட்டைப்பையில் இருந்த பேனாவையே கேட்டு வாங்கினாள். எப்போதும் மூலையில் எறும்பு போலப் போடும் தன் பெயரை, அதிகாரியின் காலி நாற்காலி நிறைய, முழுசாக எழுதினாள். மை காய ஊதிவிட்டு நீட்டினாள்.

"இப்பப் போடுங்க சார்."